செங்கோட்டில் கற்ற பாடம்

(கல்கி ரா. கிருஷ்ணமூர்த்தியின் சரிதைச் சுருக்கம்)

கொங்கு நாட்டிலே, சேலத்திற்கும் ஈரோட்டிற்கும் இடைப்பட்ட வெளியில், செந்நிறப் பாறைகளோடு ஓங்கி நிற்பது திருச்செங்கோட்டு மலை. அதன் உச்சியில் அம்மையும் அப்பனும் ஓருருவாய் நிற்கும் அர்த்தநாரீசுவரர் கோயிலை அறியாத தமிழர் அரியர். திருஞானசம்பந்தர் இத்தலத்தைக் கொடிமாடச் செங்குன்றூர் என்னும் பெயராற் பாடினார். அருணகிரிநாதர் இங்குள்ள வேலவனைப் பாடினார். படிவழியே மலையேறுவோர், பாறையிற் செதுக்கிய பெரிய நாகத்தின் உருவத்தைக் கண்டு வியந்து நிற்பர். இவை யாவரும் எடுத்துரைக்கும் பெருமைகள். ஆயின், இம்மலைக்குச் சில கல் தொலைவிலுள்ள ஒரு சிற்றூரிலே, இளைஞர் ஒருவர் மூன்றாண்டு அளவு தங்கி ஒரு பாடம் கற்றார் என்பதும், அப்பாடத்தின் பயனாகவே பிற்காலத்தில் தமிழ்நாட்டுச் சிறுவரும் சிறுமியரும் பல்லவரையும் சோழரையும் தம் வீட்டுத் திண்ணையிற் கண்டு பழகினர் என்பதும் பலர் அறியாதன. அவ்விளைஞரே பின்னாளிற் கல்கி என்னும் புனைபெயராற் புகழ் பெற்ற ரா. கிருஷ்ணமூர்த்தி. அவருடைய சரிதையை நம் மாணவத் தோழர்க்குச் சுருங்கக் கூறுதலும், அவர் விட்டுச் சென்ற செல்வத்தை நாம் எவ்வாறு கையாளல் வேண்டும் என்பதை ஆராய்தலும் இக்கட்டுரையின் நோக்கமாம்.

பிறப்பும் இளமையும்

கிருஷ்ணமூர்த்தி 1899-ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம் 9-ஆம் நாள், அக்காலத் தஞ்சை ஜில்லாவில், மாயவரத்தை அடுத்த புத்தமங்கலம் என்னும் சிற்றூரிற் பிறந்தார். தந்தையார் இராமசாமி ஐயர் அவ்வூர்க் கணக்கர். செல்வம் மிக்க குடும்பமன்று. ஆயினும் காவிரி பாயும் அந்நாட்டிலே வறிய வீட்டுப் பிள்ளைக்கும் எளிதிற் கிடைக்கும் செல்வம் ஒன்று உண்டு. கோயில் திருவிழாக்களும், இரவு முழுதும் நடக்கும் கதாகாலட்சேபங்களும், ஆடிப் பெருக்கில் ஆற்றங்கரையிற் கூடும் மக்களின் ஆரவாரமுமே அது. கதை கேட்பவரை எங்கே சிரிக்க வைப்பது, எங்கே கண்ணீர் விடச் செய்வது, எங்கே நாளைக்கு என்று நிறுத்துவது என்னும் வித்தையை இவர் செவிவழியாகவே இளமையிற் பெற்றுவிட்டார் என்று கருதலாம்.

மாயவரத்திற் சில காலம் கல்வி பயின்றார். தமிழின் முதல் நாவலாகிய பிரதாப முதலியார் சரித்திரத்தை 1879-இல் வெளியிட்ட கிறிஸ்தவப் பெரியார் வேதநாயகம் பிள்ளை முன்சீப் பதவி வகித்து வாழ்ந்த ஊரும் அதுவே. தமிழ் உரைநடைக் கதையின் தொட்டில் ஆடிய ஊரிலே, அக்கதையை வளர்த்துப் பெரியதாக்கவிருந்த சிறுவர் பள்ளிக்கு நடந்து சென்றது நினைத்தற்கு இனிய ஒற்றுமையாகும். பின்னர் அவர் திருச்சிராப்பள்ளியிலுள்ள நேஷனல் ஹைஸ்கூலிற் சேர்ந்து உயர்நிலைக் கல்வி கற்றார்.

இறுதிப் பரீட்சை நெருங்கிய சமயத்தில் நாடெங்கும் ஒத்துழையாமை இயக்கம் மூண்டது. அரசாங்கத் தொடர்புடைய பள்ளிகளை விட்டு வெளியேறுமாறு காந்தியடிகள் மாணவரை வேண்டினார். கிருஷ்ணமூர்த்தி 1921-இற் பள்ளியைத் துறந்தார். கையில் ஒரு சான்றிதழும் இல்லை. வீட்டில் வருவாயும் இல்லை. பரீட்சையிலே தேறி உத்தியோகம் பெறுவதே வாழ்வின் இலக்கு என்று கருதப்பட்ட காலத்தில் இஃது எத்துணைப் பெரிய துணிவு என்பதைத் தேர்வு மண்டபத்தில் அமர்ந்து பழகிய நாம் நன்கு உணர்தல் கூடும். 1922-இல் தேசியப் பிரசாரம் செய்த குற்றத்திற்காக ஓராண்டுச் சிறைத் தண்டனை அடைந்தார். சிறையிலிருந்து மீண்டவர் எழுத்தையே பிழைப்பாகவும் தொண்டாகவும் கொண்டார்.

நவசக்தியில்

1923-ஆம் ஆண்டிலே சென்னையில் திரு. வி. கலியாணசுந்தர முதலியார் நடத்திய நவசக்தி என்னும் பத்திரிகையில் உதவி ஆசிரியராக அமர்ந்தார். திரு. வி. க. முன்னர் வெஸ்லி கல்லூரியில் தமிழாசிரியராயிருந்து, பின் தொழிலாளர் தொண்டிற்கும் தேசத் தொண்டிற்கும் தம்மை அளித்தவர். அயல்மொழி நெடி வீசாத தமிழிலே அரசியலை எழுதிக் காட்டியவர். அவர் அருகிலிருந்த ஐந்தாண்டுக் காலத்தில் கிருஷ்ணமூர்த்தி பத்திரிகைத் தொழிலின் நுட்பமெல்லாம் பயின்றார். அவருடைய முதற் சிறுகதைத் தொகுதியாகிய சாரதையின் தந்திரம் 1927-இல் வெளிவந்தது. எனினும், அவருடைய நடை ஆசிரியரின் நடையைப் பின்பற்றியதன்று. ஆசிரியரின் தமிழ் மேடையில் நின்று முழங்குவது. மாணாக்கரின் தமிழோ திண்ணையில் அமர்ந்து பேசுவது. அத்திண்ணைத் தமிழுக்கு உரிய இடம் எது என்பதை அவர் திருச்செங்கோட்டிலேதான் கண்டுகொண்டார்.

காந்தி ஆசிரமம்

திருச்செங்கோட்டுத் தாலூகாவிலே புதுப்பாளையம் என்பது ஒரு சிற்றூர். அவ்வூர் நிலக்கிழார் இரத்தினசபாபதிக் கவுண்டர் அளித்த நிலத்தில், 1925-ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம், சக்கரவர்த்தி இராஜகோபாலாச்சாரியார் காந்தி ஆசிரமத்தை நிறுவினார். மழை பொய்த்து வாடும் மேட்டு நிலம் அது. உழவர்க்கு ஆண்டிற் பல மாதம் வேலையில்லை. பெண்டிர் கைகளுக்கோ வருவாய் தரும் தொழில் ஒன்றுமில்லை. ஆசிரமத்தார் இராட்டைகளை வழங்கினர். பஞ்சைக் கொடுத்து நூலைப் பெற்றுக் கூலி அளித்தனர். அந்நூலை நெசவாளரிடம் கொடுத்துக் கதராக்கினர். பல ஊர்களிலிருந்தும் பெண்டிர் தலையில் நூற்கட்டோடு நடந்து வருவர். ஆசிரமத்தினுள்ளே சாதி வேற்றுமையின்றி எல்லாரும் ஒருங்கே வாழ்ந்தனர். தீண்டாமை வேரூன்றியிருந்த அக்காலத்தில் சுற்றுவட்டத்தார் இதனை எளிதில் ஏற்றிலர் என்று சொல்லவும் வேண்டுமோ?

வறுமைக்கு மழையின்மை ஒரு காரணம். கள்ளும் சாராயமும் மற்றொரு காரணம். கூலி பெற்ற மாலையே அக்கூலி கள்ளுக்கடைக்குப் போய்ச் சேரும். நூற்ற பெண்ணின் காசைக் குடித்த கணவன் பறித்துச் சென்றால் இராட்டை சுழன்று என்ன பயன்? ஆகவே இராஜாஜி மதுவிலக்கைத் தம் தலையாய பணியாகக் கொண்டார். அப்பணிக்கென்றே 1929-ஆம் ஆண்டில் விமோசனம் என்னும் மாதப் பத்திரிகையைத் தொடங்கினார். அதற்கு உதவி ஆசிரியராக வாய்த்தவரே, நவசக்தியை விட்டு 1928-இல் விலகியிருந்த நம் கிருஷ்ணமூர்த்தி. மனைவியார் ருக்மிணி அம்மையாரை 1924-இல் மணந்து இல்லறம் நடத்திய அவர், பட்டணத்தை விட்டு இப்புழுதிக் காட்டிற் குடியேறினார்.

கற்ற பாடம்

விமோசனம் யாருக்காக எழுதப்பட்டது என்பதைச் சற்று எண்ணிப் பார்ப்போம். புலவருக்காக அன்று, பட்டணத்து வக்கீலுக்காக அன்று. எழுத்துக் கூட்டிப் படிக்கும் உழவனுக்காகவும், படிக்கவே அறியாமல் பிறர் படிக்கக் கேட்கும் அவன் மனையாட்டிக்காகவும் எழுதப்பட்டது. அதிலும் அது குடியின் தீமையைக் கூறும் பத்திரிகை. குடிப்பவன் தன்னைக் கடிந்துரைக்கும் ஏட்டைக் காசு கொடுத்து வாங்குவானா? வாங்கினும் இரண்டாம் பக்கத்தைப் புரட்டுவானா? புள்ளிவிவரத்தை அடுக்கினாற் கொட்டாவி விடுவான். அறநூலை எடுத்தோதினால் எழுந்து போய்விடுவான். அவனை அமர வைக்க வல்லது கதை ஒன்றே. அவனைப் போன்ற ஒருவன், அவன் வீட்டைப் போன்ற ஒரு வீடு, நகைப்பிற்கிடமான ஒரு சம்பவம், அதன் அடியிலே மெல்லத் தோன்றும் துயரம் என்று சொல்லிக்கொண்டு போனால், முடிவு தெரியும் வரை அவன் எழுந்திரான். எனவே அப்பத்திரிகையிற் கதைகளும் பாட்டுக்களும் படங்களும் நிறைந்தன. இராஜாஜியும் கதை எழுதினார், கிருஷ்ணமூர்த்தியும் எழுதினார்.

படிக்க மனமில்லாதவனைப் படிக்கச் செய்வதே எழுத்தாளனின் முதற் கடமை என்பது அங்கே கற்ற பாடத்தின் முதற்பகுதி. கடினமான சொல்லைக் கண்டு வாசகன் தயங்கினால் குற்றம் வாசகனுடையதன்று, எழுதியவனுடையதே. அடுத்த வரியைப் படிக்கும் ஆவலை ஒவ்வொரு வரியும் விளைத்தல் வேண்டும். பாடத்தின் இரண்டாம் பகுதி இதனினும் அரியது. வாசகனை ஈர்த்துவிட்டால் மட்டும் போதாது. அவன் கைக்கு ஒரு நன்மையும் கொடுத்து அனுப்புதல் வேண்டும். வெறும் இனிப்பு மட்டும் தருவது கள்ளுக்கடைக்காரனும் செய்யக் கூடியதே.

விமோசனம் நெடுநாள் நடைபெறவில்லை. 1930-இல் உப்புச் சத்தியாக்கிரகம் மூண்டது. இராஜாஜி திருச்சிராப்பள்ளியிலிருந்து வேதாரணியத்திற்குத் தொண்டர் படையை நடத்திச் சென்று சிறைப்பட்டார். அப்போராட்டக் காலத்திற் கிருஷ்ணமூர்த்தியும் ஆறு மாதச் சிறை ஏற்றார், பத்திரிகை நின்றது. ஆயினும் விதைத்த விதை வீண்போகவில்லை. இராஜாஜி சென்னை மாகாண முதன் மந்திரியானபோது, 1937-ஆம் ஆண்டு அக்டோபர் முதல் நாள், இந்தியாவிலேயே முதன்முதலாக மதுவிலக்குச் சட்டம் நடைமுறைக்கு வந்தது இந்தச் சேலம் ஜில்லாவிலேதான். திருச்செங்கோடு அக்காலத்தில் அந்த ஜில்லாவைச் சேர்ந்திருந்தது. 1997-ஆம் ஆண்டு முதல் அது நாமக்கல் மாவட்டத்தைச் சேர்ந்ததாகும்.

விகடனும் கல்கியும்

சிறையினின்றும் வெளிவந்தபின் கிருஷ்ணமூர்த்தி, எஸ். எஸ். வாசன் நடத்திய ஆனந்த விகடனிற் சேர்ந்து ஆசிரியப் பொறுப்பேற்றார். பழையன கழித்துப் புதியது படைக்க வரும் பத்தாம் அவதாரத்தின் பெயரைத் தம் புனைபெயராகச் சூடியிருந்த அவர், அப்பெயராலேயே வீடுதோறும் அறியப்பட்டார். அரசியல், சங்கீதம், நாட்டியம், பிரயாணம் ஆகிய எதை எழுதினும் நகைச்சுவை ததும்பிற்று. கள்வனின் காதலி, தியாகபூமி முதலிய தொடர்கதைகளுக்காக மக்கள் வாரந்தோறும் காத்திருந்தனர். தியாகபூமி 1939-இற் படக்காட்சியாகவும் வெளிவந்து, பிறகு ஆங்கில அரசாங்கத்தாற் தடை செய்யப்பட்டது.

1941-இல் தனிநபர் சத்தியாக்கிரகத்தில் ஈடுபட்டு மூன்றாம் முறை சிறை சென்றார்; விகடனை விட்டும் விலகினார். வெளிவந்ததும் நண்பர் டி. சதாசிவத்துடன் சேர்ந்து, அவ்வாண்டு ஆகஸ்டு முதல் நாள் கல்கி என்னும் பத்திரிகையைத் தொடங்கினார். அதற்கு வேண்டிய முதலுக்காகச் சதாசிவத்தின் மனைவியார் எம். எஸ். சுப்புலட்சுமி, சாவித்திரி என்னும் படத்தில் நாரதராக நடித்தார். நாற்பத்திரண்டாம் வயதில் அவருக்குச் சொந்தமான மேடை வாய்த்தது. அம்மேடையில் அவர் முதலில் ஏற்றிவைத்தது சரித்திரக் கதையே.

சரித்திரக் கதை தமிழுக்கு முற்றிலும் புதிதன்று. திருகோணமலைச் சரவணமுத்துப் பிள்ளை 1895-இலேயே மோகனாங்கி என்னும் நூலில் நாயக்கர் காலத்தைக் கதையாக்கினார். ஆங்கிலம் பயின்றோர் ஸ்காட்டின் நூல்களைக் கல்லூரிகளிற் படித்தனர். வங்காளத்திலே பங்கிம் சந்திரர் இத்துறையிற் புகழ் பெற்றிருந்தார். ஆயினும், நம் நாட்டு உயர்நிலைப் பள்ளிச் சிறுவனுக்கு ஆங்கில மன்னர்களின் வரிசை மனப்பாடமாய்த் தெரிந்த அளவிற்கு மகேந்திர பல்லவனையோ இராஜராஜனையோ தெரியாதிருந்தது. சாசனங்களைப் படித்துச் சரித்திரம் எழுதிய அறிஞர் இருந்தனர். பேராசிரியர் கே. ஏ. நீலகண்ட சாஸ்திரியார் சோழர் வரலாற்றை 1935-இல் வெளியிடத் தொடங்கினார். சதாசிவப் பண்டாரத்தார் அதனைத் தமிழில் எழுதினார். ஆனால், அவை சிறுவர் கைக்கு எட்டாத உயரத்திலிருந்தன. செங்கோட்டிலே உழவனுக்காகச் செய்ததைக் கல்கி இங்கே மாணவனுக்காகச் செய்தார். அறிஞரின் ஏணியிலேறிப் பழத்தைப் பறித்துக் கீழே நின்ற சிறுவர் கையிற் கொடுத்தார்.

மூன்று பெருங்கதைகள்

முதலாவதாகிய பார்த்திபன் கனவு 1941 முதல் 1943 வரை வெளிவந்தது. பல்லவப் பேரரசின் கீழ் ஒடுங்கிக் கிடந்த சோழ நாட்டின் சிற்றரசன் ஒருவன், தன் நாடு விடுதலை பெற்றுப் பெருமையடையக் கனவு காண்கிறான். அக்கனவைச் சித்திரமாகத் தீட்டி மகனுக்குக் காட்டிவிட்டுப் போர்க்களத்தில் மடிகிறான். நாடு அடிமைப்பட்டிருந்த அந்நாளில் இக்கதையைப் படித்த எந்தச் சிறுவனும் அக்கனவு எந்நாட்டின் கனவு என்பதை அறியாதிருந்திருக்க மாட்டான்.

இரண்டாவது சிவகாமியின் சபதம். மாமல்லபுரத்துக் கடற்கரையிலே இரசிகமணி டி. கே. சிதம்பரநாத முதலியாருடன் அமர்ந்திருந்த ஓரிரவில் இக்கதை மனத்தில் உதித்ததாகக் கல்கியே தெரிவித்துள்ளார். அது 1944 முதல் 1946 வரை வெளிவந்தது. மகேந்திரவர்மன், நரசிம்மவர்மன், சளுக்கியப் புலிகேசி ஆகியோர் சரித்திர மாந்தர். 642-ஆம் ஆண்டளவில் வாதாபி பல்லவர் கைப்பட்டதும், அவ்வூர்ப் பாறையிலே நரசிம்மவர்மனின் சாசனம் பொறிக்கப்பட்டதும் மெய்ம்மை. படைத்தலைவர் பரஞ்சோதி பின்னர்ச் சிறுத்தொண்ட நாயனாரானது பெரியபுராணம் கூறும் செய்தி. ஆனால், ஆயனச் சிற்பியும் அவர் மகள் சிவகாமியும் கல்கியின் மனத்திற் பிறந்தவர்.

மூன்றாவதே பொன்னியின் செல்வன். 1950-ஆம் ஆண்டு அக்டோபரில் தொடங்கி 1954 வரை, மூன்றரை ஆண்டுக் காலம் வாரந்தோறும் வெளிவந்து, ஐந்து பாகங்களாக முடிந்தது. ஓவியர் மணியம் சித்திரம் தீட்டினார். கதை நிகழும் இடங்களைக் காண்பதற்காக இருவரும் இலங்கைக்கும் சென்று வந்தனர். அதன் நாயகனாகிய வந்தியத்தேவன், ஆடிப் பதினெட்டு நாளிலே வீரநாராயண ஏரிக்கரை மீது குதிரையில் வருகின்ற தொடக்கத்தைப் படித்தவர் மறவார். அவ்வந்தியத்தேவனைப் பற்றிச் சாசனம் கூறுவதோ மிகச் சிறிது. அவன் இராஜராஜனின் தமக்கையாராகிய குந்தவையாரின் கணவன் என்பதைத் தஞ்சைப் பெரிய கோயிற் கல்வெட்டால் அறிகிறோம். அச்சிறு குறிப்பிலிருந்து ஐந்து பாகத்தையும் சுமக்கும் வீரனை எழுப்பியது கற்பனையின் ஆற்றல்.

கல்லும் கதையும்

இவ்விடத்தில் மாணவத் தோழர்க்கு ஒன்று கூற விரும்புகிறேன். இக்கட்டுரையை எழுதத் தூண்டியதும் அதுவே. வகுப்பறையில் ஒரு நாள் ஆதித்த கரிகாலன் கொலையுண்டமை பற்றிப் பேச்சு எழுந்தது. நன்கு படிக்கும் மாணவர் ஒருவர் எழுந்து, பழுவூர் இளையராணி நந்தினியே அதற்குக் காரணம் என்று ஐயமின்றி விடை கூறினார். வகுப்பினர் தலையசைத்தனர். ஒருவரேனும் மறுத்திலர். அன்று எனக்குக் கல்கியின் வெற்றி எத்துணைப் பெரியது என்பதும், அவ்வெற்றியினூடே ஓர் ஆபத்து ஒளிந்திருப்பதும் ஒருங்கே புலப்பட்டன.

கல் கூறுவது யாது? வீரநாராயண ஏரியை அடுத்த காட்டுமன்னார்கோயிலிலே, உடையார்குடி அனந்தீசுவரர் கோயிலிற் சாசனம் ஒன்றுள்ளது. கதை தொடங்கும் ஏரிக்கரைக்கு அருகிலேயே அக்கதையின் ஆணிவேராகிய கல்வெட்டும் இருப்பது நினைவிற் கொள்ளத்தக்கது. பாண்டியன் தலைகொண்ட கரிகாலனைக் கொன்ற துரோகிகளாக அது சோமன், பஞ்சவன் பிரமாதிராசனாகிய இரவிதாசன், இருமுடிச்சோழ பிரமாதிராசனாகிய பரமேசுவரன் முதலிய உடன்பிறந்தாரைக் குறிக்கின்றது. அவர்தம் சுற்றத்தாருடைய உடைமைகளும் பறிக்கப்பட்ட செய்தியைக் கூறுகின்றது. இஃது இராஜராஜனின் இரண்டாம் ஆட்சியாண்டிற்கு உரியதென்பது அறிஞர் கொள்கை. அவர்கள் ஏன் கொன்றனர், எங்கே கொன்றனர், யார் ஏவினர் என்பவற்றைக் கல் கூறவில்லை. நந்தினி என்னும் பெயர் எந்தச் சாசனத்திலும் இல்லை. அவள் கல்கியின் படைப்பு.

கல்கி இதிற் பிழை செய்தாரா? இல்லை. கல் பேசும் இடத்தில் அதனை மறுக்காதிருத்தல், கல் மௌனம் சாதிக்கும் இடத்திற் கற்பனையை உலவவிடுதல் என்பதே அவர் பெரும்பாலும் கைக்கொண்ட முறை. இரவிதாசன் முதலியோரைச் சதிகாரராக வைத்தார். ஆயினும் கொலைவாள் யார் கையினின்று பாய்ந்தது என்பதைப் பேராற்றல் படைத்த அக்கதாசிரியர் கதையிலும் திட்டமாகக் கூறாமல் இருளிலேயே விட்டுவிட்டார். சரித்திரம் அறியாத ஒன்றைத் தாம் அறிந்ததாகக் காட்டிக்கொள்ள விரும்பாத அவ்வடக்கம் பாராட்டத்தக்கது. பிழை செய்பவர் நாமே. கதாசிரியர் இருளென விட்ட இடத்திலும் நாம் விளக்கேற்றிவிட்டதாக எண்ணிக்கொள்கிறோம்.

இதனால் வரும் கேடு யாது என்று சிலர் வினவலாம். இறந்தோர்க்கும் ஒரு நியாயம் உண்டு. கதையிற் பழுவேட்டரையர் சதிக்கூட்டத்திற்குத் தலைமை தாங்குகின்றார். முதுமையில் மயங்கி அழிகின்றார். ஆனால் மெய்யான பழுவேட்டரையர், முதற் பராந்தக சோழனுக்குப் பெண் கொடுத்த பெருங்குடியினர், சோழர்க்குத் துணைநின்றோர், அவர்தம் பெயர் சொல்லும் கற்றளிகள் அரியலூரை அடுத்த பழுவூர்ப் பகுதியில் இன்றும் நிற்கின்றன. கதையிலே மதுராந்தகனின் பிறப்புப் பற்றி ஆள்மாறாட்டம் ஒன்று பின்னப்பட்டுள்ளது. மெய்யான உத்தம சோழனோ கண்டராதித்தருக்கும் செம்பியன் மாதேவியாருக்கும் மகனாய்த் தோன்றிப் பதினைந்தாண்டு அளவு நாடாண்டவன். அவனுக்கு அரசில் விருப்பம் உள்ளவரையில் அருண்மொழிவர்மன் அரியணையை விரும்பவில்லை என்று திருவாலங்காட்டுச் செப்பேடுகள் கூறுகின்றன. தம்மைக் காத்துப் பேச நாவற்றவர்கள்மீது நாம் அறியாத குற்றத்தைச் சுமத்துதல் பொய்ச்சான்று அல்லவா? பொய்ச்சான்று உரைத்தலை விலக்கும் கட்டளையைச் சிறுவயது முதல் கேட்டு வளர்ந்த நம் கல்லூரி மாணவர் இதனை நன்கு சிந்தித்தல் வேண்டும்.

அதற்காகக் கதையை வெறுத்தல் பேதைமை. கதையில்லையேல் உடையார்குடிக் கல்வெட்டைப் பற்றி அறிய நம்மில் எத்தனை பேர் விரும்பியிருப்போம்? கதை நம்மைக் கோயில் வாயில் வரையிற் கைப்பிடித்து அழைத்துச் செல்கின்றது. உள்ளே புகுந்து கல்லைப் படிப்பது நம் கடமை. வாயிலிலேயே நின்றுகொண்டு கோயிலைக் கண்டேன் என்று கூறுதல் அழைத்துவந்தவரின் குற்றமன்று.

இறுதிக் காலம்

கல்கியின் வாழ்வு எழுத்தோடு முடிந்துவிடவில்லை. பாரதியாருக்கு எட்டயபுரத்தில் மணிமண்டபம் எழுப்ப வாசகரிடம் பொருள் திரட்டினார்; அது 1947-இல் திறக்கப்பட்டது. தமிழ் நாட்டு மேடைகளில் தமிழ்ப் பாட்டு ஒலித்தல் வேண்டும் என்று தமிழிசை இயக்கத்திற்காக வாதாடினார். அவர்மீது குறை கூறியோரும் உண்டு. அவருடைய கதைகளிற் சில பிறமொழிக் கதைகளின் தழுவல் என்று புதுமைப்பித்தன் முதலியோர் கண்டித்தனர். வாரப் பத்திரிகைக்கு எழுதியமையால் ஒவ்வொரு அத்தியாயத்தின் முடிவிலும் ஒரு திகைப்பை வைத்தார் என்பதும், கதை சில இடங்களில் அளவிறந்து நீண்டது என்பதும் மறுத்தற்கில்லை. புகழோடு குறையையும் கூறுதலே சரிதைக்கு அழகு.

தேச விடுதலைப் போராட்டத்தைப் பொருளாகக் கொண்ட அலை ஓசையை அவர் 1948, 1949-ஆம் ஆண்டுகளில் எழுதினார். அதற்குச் சாகித்திய அகாதெமிப் பரிசு 1956-இற் கிடைத்தபோது அதனைப் பெற அவர் உயிரோடில்லை. நெடுநாளாக உடலை அரித்த காசநோயினால், 1954-ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 5-ஆம் நாள், தம் ஐம்பத்தைந்தாம் வயதில் அவர் சென்னையிற் காலமானார். பொன்னியின் செல்வனை முடித்துச் சில மாதங்களே ஆகியிருந்தன. அப்போது எழுதிக்கொண்டிருந்த அமரதாரா என்னும் கதையை மகள் ஆனந்தி, தந்தையார் விட்டுச் சென்ற குறிப்புக்களைக் கொண்டு முடித்தார். 1999-இல் நூற்றாண்டு விழாவையொட்டித் தமிழ்நாட்டு அரசு அவருடைய நூல்களை நாட்டுடைமை ஆக்கிற்று. 2022, 2023-ஆம் ஆண்டுகளிற் பொன்னியின் செல்வன் இரண்டு படக்காட்சிகளாக வெளிவர, நூலைப் படித்திராத இளைஞரும் அக்கதையை அறிந்தனர்.

முடிவுரை

பள்ளி இறுதித் தேர்வு எழுதாத ஒருவர், ஒரு நாட்டின் இளைஞர் அனைவர்க்கும் சரித்திர ஆசிரியராக விளங்கினார் என்பது வியப்பிற்குரியது. சான்றிதழ் தாராத அத்தகுதியை அவருக்குத் தந்தது எது என்று வினவினால், புதுப்பாளையத்து ஆசிரமத்திலே எழுத்துக் கூட்டிப் படிக்கும் ஏழையை மனத்தில் நிறுத்தி எழுதிய அப்பயிற்சியே என்பது என் துணிபு. எளியவனை அவர் இகழவில்லை. அவனுக்கு இது போதும் என்று மட்டமான சரக்கைக் கொடுக்கவுமில்லை. அவன் விரும்பும் வடிவில், அவனுக்கு வேண்டியதைக் கொடுத்தார்.

ஆகலின், நாமக்கல் பக்கமாகச் செல்லும் மாணவர் திருச்செங்கோட்டு மலையேறி இறைவனை வணங்கியபின், புதுப்பாளையத்திற்கும் ஒருமுறை சென்று வருவாராக. அதுபோலவே, பொன்னியின் செல்வனைப் படித்து முடித்தவர் அதனை மூடி வைத்துவிட்டுக் காட்டுமன்னார்கோயிலுக்குச் சென்று அக்கல்லின் முன் ஒரு நாழிகை நிற்பாராக. கதையினால் எழுந்த அன்பும், கல்லினால் வரும் உண்மையும் ஒருங்கே கூடுமிடத்து, அம்மலைமேல் நிற்கும் அம்மையப்பனின் உருவத்தைப் போல, இரண்டும் ஓருடலாய்ப் பொலியும். அவ்விரண்டையும் நம் இளைஞர் பேணுவாராயின் கல்கியின் உழைப்புப் பயன் பெற்றதாகும்.